கேமராவுக்குப் பயந்த தனக்கோடி

சுனாமி வந்துபோன பிறகு மரக்காணத்தில் எல்லோரும் கடலுக்குப் பயந்தோம். தனக்கோடித் தாத்தா மட்டும் என் கேமராவுக்குப் பயந்தார்.

கடலுக்கு அவர் பயப்படவில்லை என்பதற்கு நானே சாட்சி. அலை வந்து நாலு நாள் கழித்து, டிசம்பர் முப்பதாம் தேதி, பட்டப்பகலில் "மறுபடியும் வருது" என்று யாரோ கத்த, ஊரே மேற்கே ஓடியது. கடை ஷட்டரைக்கூட இறக்காமல் நானும் ஓடினேன். செருப்பு எங்கே கழன்றது என்று இன்றுவரை தெரியாது. வழியில் உப்பளத்து வரப்பில் இவர் உட்கார்ந்து காலில் ஒட்டிய சேற்றைச் சுரண்டிக்கொண்டிருந்தார். "எழுந்து வா தாத்தா" என்று கத்தினேன். "நீ போப்பா, வந்தா பாத்துக்கலாம்" என்றார். அப்படிப்பட்ட ஆள், பத்து நாள் கழித்து நான் ஸ்டாண்டில் கேமராவை மாட்டியதும் நடுங்கினார்.

பஸ் ஸ்டாண்டுக்கு எதிரில் இருக்கிறது என் ஸ்டுடியோ. கல்யாண வீடியோ, பாஸ்போர்ட் சைஸ் படம் என்று ஓடிக்கொண்டிருந்த கடைக்கு அந்த ஜனவரியில் இரண்டே வேலை. நிவாரண அட்டைக்கு உயிரோடு இருப்பவர்களைப் படம் எடுப்பது ஒன்று. போனவர்களின் பழைய படத்திலிருந்து முகத்தை மட்டும் வெட்டிப் பெரிதாக்கித் தருவது மற்றொன்று. இரண்டுக்கும் ஒரே வரிசையில் நின்றார்கள். எனக்குப் பொதுவாகவே பொறுமை கம்மி. அந்த மாதம் இருந்ததும் போய்விட்டது.

தாத்தாவின் வீடு உப்பளத்தை ஒட்டிய குடியிருப்பில் இருந்தது. கழுவெளி ஏரி வழியாக ஏறிய தண்ணீரில் பின்பக்கச் சுவர் விழுந்துவிட்டது. புது வீட்டுக்கு எழுதிப்போடக் குடும்பத்தோடு ஒரு படம் வேண்டும். மருமகள் மாரியம்மாள், பேரன் தமிழரசன், பேரனின் மனைவி சத்யப்ரியா மூவரும் வந்து பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார்கள். கிழவர் மட்டும் துண்டால் முகத்தை மூடிக்கொண்டு சுவர்ப்பக்கம் திரும்பி நின்றார்.

"ஏன் தாத்தா, போட்டோ எடுத்தா ஆயுசு கொறைஞ்சிடுமா? தொண்ணூத்தி மூணுக்கு மேல கொறையறதுக்கு என்ன இருக்குது?" என்றேன். வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். பல நாளுக்குப் பிறகு கேட்ட சிரிப்பு என்பதால் எனக்கும் பெருமையாக இருந்தது. அப்போதுதான் அவர் முழங்கால் ஆடுவதைப் பார்த்தேன். குளிரில் ஆடுகிற ஆட்டமில்லை. வேட்டியே ஆடியது. சத்யப்ரியா எழுந்துபோய் அவர் கையைப் பிடித்து வெளியே அழைத்துப் போனாள். அவர் இல்லாமலே படம் எடுத்தேன்.

சத்யப்ரியா என் ஸ்டுடியோவில்தான் வேலை பார்த்தாள். வானூர்ப் பக்கத்துப் பெண். பிறவியிலேயே காது கேட்காது. புதுச்சேரியில் ஒரு பள்ளியில் உதட்டைப் பார்த்துப் பேச்சைப் புரிந்துகொள்ளச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். ஏற்ற இறக்கம் இல்லாமல் நாலைந்து வார்த்தை பேசுவாள். பழகினால் புரியும். படம் வெட்டுவதிலும் ஒட்டுவதிலும் அவளுக்கு நிகராக இந்தத் தாலுக்காவில் ஆள் கிடையாது. நான் திட்டினால் கண்ணை மூடிக்கொள்வாள். அவ்வளவுதான், என் திட்டு அதோடு முடிந்தது.

அவளைத் தமிழரசன் விரும்பிக் கட்டிக்கொண்டபோது வீட்டில் எதிர்த்த ஒரே ஆள் தனக்கோடித் தாத்தா. "வேற எந்தப் பொண்ணா இருந்தாலும் கூட்டியாடா, காது கேக்காத பொண்ணு மட்டும் வேணாம்" என்று மூன்று நாள் சாப்பிடாமல் கிடந்தாராம். கல்யாணமான பிறகும் ஒரு மாதம் அவள் எதிரே வந்தால் துண்டை எடுத்து வாயை மூடிக்கொள்வார். கிழவருக்குப் பல் இல்லாத வெட்கம் என்று எல்லோரும் கேலி செய்தார்கள். பிறகு ஒருநாள் அவளுக்குக் கடுமையான வயிற்றுவலி. அவள் சொல்வது வீட்டில் ஒருவருக்கும் புரியவில்லை. துண்டை உதறிவிட்டு வந்து அவள் முன்னால் உட்கார்ந்தவர் இவர்தான். புருவம், கன்னம், விரல் எல்லாவற்றாலும் கேட்டார். அவள் சொன்னாள். அன்றிலிருந்து அந்த வீட்டில் அவளுக்கு முழுசாகப் புரிகிற ஒரே மனிதர் தாத்தா. அவர் வாயசைத்தால் ஒரு வார்த்தைகூடத் தவறாது என்பாள். இவருக்கு இந்த வித்தை எங்கிருந்து வந்தது என்று யாரும் கேட்டதில்லை.

மார்ச் மாதம் சென்னையிலிருந்து சிவஞானம் என்று ஒருவர் வந்தார். கல்லூரி வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். பேச்சில்லாத காலத்துப் படங்களைத் தேடி அலைவது அவர் பைத்தியம். ஒரு பழைய வீட்டுப் பரணில் துருப்பிடித்த டப்பாவில் பிலிம் கிடைத்திருக்கிறது. முக்கால்வாசி தூளாகிவிட்டது, ஆறு நிமிஷம் தேறியது. அதே வீட்டில் கிடைத்த நோட்டீஸில் நடிகர்களின் வேஷமும் பேரும் அச்சாகியிருந்தன. கதாநாயகன் பேர் வருகிற மேல்பாதியைக் கரையான் தின்றிருந்தது. அடியில் இருந்தது ஒரு வரி: கொள்ளைக்காரன், மரக்காணம் தனக்கோடி.

எனக்குத் தலைகால் புரியவில்லை. எங்கள் ஊரில் ஒரு சினிமா நடிகர், அதுவும் நான் கேலி செய்த கிழவர்! வண்டியில் சிவஞானத்தை ஏற்றிக்கொண்டு பறந்தேன். அவர் விஷயத்தைச் சொல்லி முடிப்பதற்குள் தாத்தாவின் முகம் உப்புப் பூத்த மாதிரி வெளுத்துவிட்டது. "அது நான் இல்லீங்க. நான் பட்டணமே பாத்ததில்ல" என்றார். என் பேரையும் விலாசத்தையும் எழுதிக்கொண்டு சிவஞானம் தலையைத் தொங்கப்போட்டபடி திரும்பிப் போனார்.

மறுநாள் மதியம் அவ்வளவு தூரம் வெயிலில் நடந்து தாத்தா ஸ்டுடியோவுக்கு வந்தார். சத்யப்ரியா சாப்பிடப் போகும் நேரத்தைத் தெரிந்துகொண்டு வந்திருக்கிறார். உள்ளே வந்ததும் கதவைச் சாத்தினார்.

"மணி, அந்த ஆளு மறுபடி வந்தா நான் செத்துட்டேன்னு சொல்லிடுப்பா. அந்தப் படம் இந்த ஊருக்கு வரக்கூடாது. அதுல நான் ஒரு பையன சாவடிச்சிருக்கிறேன்."

பதினெட்டு வயதில் உப்புப் படகில் கூலியாளாகக் கால்வாய் வழியே பட்டணம் போனவர் அவர். படகுத்துறையில் இவர் தோளைப் பார்த்து, நீச்சல் தெரியுமா என்று கேட்டு, ஒரு சினிமா கம்பெனி ஏஜெண்ட் கூட்டிப்போனான். இரண்டு வருஷத்தில் ஐந்து படம். ஒன்றில் ஈட்டி பிடித்தார். ஒன்றில் புலித்தோலுக்குள் புகுந்து புலியானார். இன்னொன்றில் கதாநாயகி கிணற்றில் குதிக்க மாட்டேன் என்று அழுததால் சேலை கட்டிக்கொண்டு இவர் குதித்தார். பிலிமில் சிவப்பு நிறம் கறுப்பாக விழும் என்று முகத்துக்கு மஞ்சள் பூசுவார்களாம். வெயில் போனால் வேலையும் போச்சு. கம்பெனியில் யாருக்கும் சொந்தப் பேர் கிடையாது. வேஷம் எதுவோ அதுதான் பேர். இவர் கொள்ளைக்காரன். இவரோடு ஒரே அறையில் பாய் போட்டுப் படுத்தவன் ராஜகுமாரன்.

"வாயில என்ன வேணா பேசலாம் தம்பி. யாருக்குக் கேக்கப்போவுது? சோறு தின்னியாடான்னு கேட்டுக்கினே கத்திச் சண்ட போடுவோம். டைரக்டரு தகரக் குழாய்ல கத்துவாரு. அந்தச் சத்தம் ஒண்ணுதான் கணக்கு. கையத் தூக்குன்னா தூக்கணும், அழுன்னா அழணும். அவரு நிறுத்துன்ற வரைக்கும் நிறுத்தக்கூடாது. பிலிமு சீமையிலேர்ந்து வரணும். நடுவுல நிறுத்தினவன் மறுநாள் கம்பெனியில இருக்கமாட்டான்."

ஐந்தாவது படத்தில் கொள்ளைக்காரன் ராஜகுமாரனை ஏரியில் அமுக்க வேண்டும். அந்தப் பையனுக்கு நீச்சல் தெரியாது. சொன்னால் வேஷம் போய்விடும் என்று மறைத்துவிட்டான். இவருக்கு மட்டும் தெரியும். மார்பளவு தண்ணீர்தானே, நான் பிடித்துக்கொள்கிறேன் என்று இவர்தான் தைரியம் சொல்லியிருக்கிறார். கேமராக்காரன் கைப்பிடியைச் சுற்றினான். டைரக்டர் குழாயில் "அமுக்கு, அமுக்கு, இன்னும் அமுக்கு" என்று கத்தினார். பையன் தலையைத் தூக்கித் தூக்கி என்னவோ கத்தினான். அது கதைப்படியே கத்த வேண்டிய இடம்.

"காதெல்லாம் தண்ணி தம்பி. அவன் சொன்னது ஒண்ணும் எனக்குக் கேக்கல. சத்தியமா கேக்கல. டைரக்டரு சத்தம் மட்டும்தான் கேட்டுது. நிறுத்துன்னு சொன்னப்ப நான் கையெடுத்தேன். அவன் எழுந்துக்கல."

தண்ணீரில் மாரடைத்துப் போனான் என்று எழுதி முடித்துவிட்டார்கள். பையனின் அம்மா வந்து கம்பெனி வாசலில் புரண்டபோது இவர் துணிப்பெட்டிக்குப் பின்னால் ஒளிந்திருந்தார். படத்தை நிறுத்தவில்லை. அந்தக் காட்சியையும் வெட்டவில்லை. இவ்வளவு தத்ரூபமாக எவனும் செத்ததில்லை என்று அதையே விளம்பரம் செய்தார்கள்.

முதல் நாள் இவரும் போய்ப் பின்வரிசையில் உட்கார்ந்தார். அந்தக் காலத்தில் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொல்வார். "பாருங்கள், நமது ராஜகுமாரனின் உயிர் ஊசலாடுவதை!" என்று அவர் முழங்க, கொட்டகையே விசிலடித்தது. இவர் அந்தக் காட்சியில் திரையைப் பார்க்கவே இல்லை. முன்வரிசையில் தரையில் இருந்த ஒருவர் மட்டும் எழுந்து நின்று மார்பில் அடித்துக்கொண்டு திரையைக் காட்டிக் காட்டி என்னவோ சத்தமிட்டார். "உக்காருடா ஊமை" என்று எல்லோரும் சிரித்தார்கள். காது கேட்காதவர், உதட்டைப் படிக்கிறவர். அந்தப் பையன் வாய் சொன்னது அந்த ஒருவருக்குக் கேட்டுவிட்டது என்று தனக்கோடிக்குத் தோன்றியது. வெளிச்சம் வருவதற்குள் எழுந்து ஓடினார். மறுநாள் காலிப் படகில் ஏறி மரக்காணம் வந்தவர், அதன் பிறகு எந்தக் கேமராவுக்கும் முகம் காட்டவில்லை.

"போலீசுக்கா தாத்தா பயப்படுற? அவங்கல்லாம் செத்து மண்ணாப் போயிட்டாங்க" என்றேன்.

"போலீசு வரட்டும்பா, இந்த வயசுல என்ன பண்ணிடுவான்? எங்க வீட்டுப் பொண்ணு அதப் பாத்துடக்கூடாது. அந்தப் பையன் விடு விடுன்னு கெஞ்சியிருப்பான். அவ படிச்சிடுவா. தெரிஞ்சே பண்ணேன்னு நெனப்பா. அப்புறம் என் வாயப் பாக்கமாட்டா, கண்ண மூடிக்குவா." கையெடுத்துக் கும்பிட்டார். என் அப்பாவைவிட மூத்தவர் என்னைக் கும்பிட்டதில் எனக்கு அழுகை வந்துவிட்டது. படம் இங்கே வராது என்று சத்தியம் செய்தேன்.

ஜூன் மாதம் தபாலில் ஒரு சி.டி. வந்தது. வேறு பெரியவர்கள் யாருக்காவது இந்த முகங்கள் தெரிகிறதா என்று கேட்டு சிவஞானம் அனுப்பியிருந்தார். அதை அப்படியே உடைத்துப் போட்டிருக்க வேண்டும். செய்யவில்லை. என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும். பார்க்காமல் எப்படி விடுவது என்ற ஆசைதான். சத்யப்ரியா சாப்பிடப் போகட்டும் என்று காத்திருந்து, டி.வி.யில் போட்டேன்.

கோடும் புள்ளியுமாகப் படம் வந்தது. கோட்டை, குதிரை, ஏரி. மார்பளவு தண்ணீரில் இரண்டு பேர். வலுத்த தோளுடைய ஒரு பையன் கேமராவைப் பார்த்து நின்று, இன்னொருவனின் கழுத்தைப் பிடித்திருந்தான். அமுங்கி அமுங்கி எழுந்த அந்த இன்னொருவனின் முதுகும் பின்னந்தலையும்தான் தெரிந்தன. எனக்கு மூச்சு வந்தது. அவன் வாய் ஒரு தடவைகூட இந்தப் பக்கம் திரும்பவில்லை. எதைப் படிப்பது? பாவம், இத்தனை வருஷம் கிழவர் வீணாகப் பயந்திருக்கிறார், இன்றைக்கே போய்ச் சொல்லிவிட வேண்டும் என்று நினைத்துக்கொண்டே திரும்பினேன். பின்னால் சத்யப்ரியா நின்றிருந்தாள்.

"தாத்தா!" என்றாள். அவள் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம். ரிமோட்டைப் பிடுங்கி, மறுபடி போட்டாள். டி.வி.க்கு ஒரு சாண் தூரத்தில் உட்கார்ந்து, தாத்தாவின் காதையும் தோளையும் தொட்டுத் தொட்டுக் காட்டினாள். மூன்றாவது தடவை போட்டபோது சிரிப்பு நின்றது. நிறுத்தினாள். பின்னால் ஓட்டினாள். மறுபடி பார்த்தாள்.

அப்போதும் என் மரமண்டைக்கு உறைக்கவில்லை. நானும் தாத்தாவும் அந்தப் பையனின் வாயையே நினைத்துக்கொண்டிருந்தோம். தனக்கோடியின் வாய் பளிச்சென்று கேமராவைப் பார்த்திருந்தது.

"பொறுத்துக்கோடா" என்று படித்தாள் சத்யப்ரியா, அந்த ஏற்ற இறக்கமில்லாத குரலில். "பொறுத்துக்கோடா. இன்னும் கொஞ்சம். பொறுத்துக்கோ."

"நடிப்பும்மா அது" என்றேன்.

இல்லையென்று தலையாட்டினாள். "நடிப்புன்னா வாய் பெருசா அசையும். இது சின்னதா. அமுங்கறவருக்கு மட்டும் சொல்றாரு." திரையில் தாத்தாவின் வாயைத் தொட்டுக் காட்டினாள். "அண்ணா, அவரு கத்தினது தாத்தாவுக்குக் கேட்டிருக்குது."

பையை எடுத்துக்கொண்டு இறங்கிவிட்டாள். ரோட்டில் நின்று கூப்பிட்டு என்ன பயன்? வண்டியை உதைத்தேன், அது கிளம்பவில்லை. ஓடினேன். சுனாமிக்கு ஓடியதைவிட அன்றைக்குத்தான் பயந்து ஓடினேன்.

தாத்தா உப்பளத்து வரப்பில் நின்றிருந்தார். தூரத்தில் அவள் நடையைப் பார்த்ததுமே அவருக்குத் தெரிந்துவிட்டது. துண்டை எடுத்து வாய்க்குக் கொண்டுபோனவர், பாதியில் கையை இறக்கிவிட்டார். நான் மூச்சு வாங்கிக்கொண்டு பக்கத்தில் போய் நின்றேன்.

"கேட்டுதா?" என்றாள்.

பொய் சொல்வார் என்று நினைத்தேன். சொல்லட்டும் என்றும் வேண்டிக்கொண்டேன். அவர் அவளுக்குத் தெரிகிற மாதிரி உதட்டைப் பிரித்து, "கேட்டுது" என்றார். "'விடுண்ணா'ன்னான். கேட்டுது. விட்டா வேலையவுட்டு அனுப்பிடுவாங்கன்னு பயம். இன்னும் கொஞ்ச நேரம் தாங்குவான்னு நெனச்சேன்." பிறகு தலையைக் குனிந்துகொண்டார். அடி விழப்போகிற பிள்ளை மாதிரி தோளைக் குறுக்கிக்கொண்டு நின்றார்.

சத்யப்ரியா கண்ணை மூடவில்லை. அவர் முகவாயைப் பிடித்துத் தன் பக்கம் நிமிர்த்தினாள்.

"அவரு பேரு என்ன?"

"ராஜகுமாரன்னுதான்..."

"அது வேஷம். அவரு பேரு."

தாத்தா வாயைத் திறந்தார். ஒன்றும் வரவில்லை. உதட்டை நனைத்துக்கொண்டு மறுபடி திறந்தார். முதல் எழுத்துக்காக உதடு குவிந்தது, விரிந்தது, நின்றது. அவர் கண் அங்கும் இங்கும் ஓடியது. அதுவரை நான் அவரிடம் பார்த்ததெல்லாம் பயமே இல்லை. இதுதான் பயம். தன்னை யாராவது கண்டுபிடித்துவிடுவார்களோ என்று எழுபது வருஷத்துக்கு மேல் நடுங்கிக்கொண்டிருந்த மனிதர், அந்தப் பையனின் பேரை எங்கேயோ தொலைத்துவிட்டார்.

"முனுசாமி" என்றார். இல்லையென்று தானே தலையாட்டினார். "சின்னையன்... இல்ல. அதுவும் இல்ல. ஒரே பாயில படுத்தவம்மா. அவங்கம்மா வாசல்ல அவன் பேரச் சொல்லித்தான் அழுதாங்க. நான் கேட்டேன்..." குரல் அதோடு நின்றது. உதடு மட்டும் அசைந்துகொண்டே இருந்தது.

"யோசிங்க தாத்தா" என்றாள் சத்யப்ரியா. அவர் எதிரில் வரப்பில் உட்கார்ந்து, அவர் வாயையே பார்த்தாள். இரக்கமா, தண்டனையா, எனக்குப் புரியவில்லை. இன்றைக்கும் புரியவில்லை.

சிவஞானத்திடம் கேட்டேன். கம்பெனிக் காகிதம் எதிலும் அந்தப் பேர் இல்லை. அதன் பிறகு தினமும் வேலை முடிந்ததும் அவள் தாத்தாவின் எதிரில் போய் உட்காருவாள். சோறு ஊட்டுவாள், கால் பிடித்துவிடுவாள், வாயைப் பார்ப்பாள். அவர் ஒரு பேர் சொல்வார். பிறகு பயந்துபோய் இல்லையென்பார். எட்டு மாதம் இப்படியே போனது.

2006 மாசியில் அவர் போகிற அன்று நானும் பக்கத்தில் இருந்தேன். மூச்சு இழுத்துக்கொண்டிருந்தபோது உதடு லேசாக அசைந்தது. சத்யப்ரியா சட்டென்று குனிந்து கிட்டத்தில் பார்த்தாள். அசைவு நின்று வெகுநேரம் வரைக்கும் பார்த்தாள். நான் அவள் தோளைத் தொட்டு, "பேரச் சொன்னாராம்மா?" என்றேன்.

என்னை நிமிர்ந்து பார்த்து, இல்லை என்று தலையாட்டினாள்.